தகுதி என்னும் சொல்: சமையல் எரிவாயு விநியோக உரிமையும் நீதிமன்றங்களும்

சமையல் எரிவாயு விநியோகஸ்தரைத் தேர்ந்தெடுப்பதற்கு எண்ணெய் நிறுவனங்கள் வெளியிடும் அறிவிப்புகளில் ஊரின் பெயர், இட ஒதுக்கீட்டுப் பிரிவு, கடைசித் தேதி ஆகியவற்றோடு தவறாமல் இடம்பெறும் தலைப்பு ஒன்று உண்டு: தகுதி. வயது, படிப்பு, குடியுரிமை, நிலம் எனச் சில வரிகளில் அப்பகுதி முடிந்துவிடும். ஆனால் அந்தச் சில வரிகளை முன்வைத்து இந்தியாவின் உயர் நீதிமன்றங்களில் பல்லாண்டுகளாக வழக்குகள் நடந்துவருகின்றன. குத்தகைப் பத்திரம் ஒருநாள் பிந்திப் பதிவானதால் உரிமையை இழந்தவர், அண்ணன் பெயரில் இருந்த நிலத்தைத் தம்முடையதாகக் காட்டியதால் நீக்கப்பட்டவர், குலுக்கலில் வென்றவருக்குத் தகுதியே இல்லை என முறையிடும் அடுத்த விண்ணப்பதாரர் என வழக்காடுவோர் பலவகையினர்.

இவ்வழக்குகளைத் தனித்தனியே பார்த்தால் அவை நுணுக்கமான சட்டச் சிக்கல்களாகத் தோன்றும். வரிசைப்படுத்திப் பார்த்தால் ஒரு வரலாறு தெரியும். ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளில் ‘தகுதி’ என்னும் சொல்லின் உட்பொருள் மூன்று முறை மாறியிருக்கிறது. முதலில் யாருக்குத் தேவை என்பது தகுதியாக இருந்தது. பின்னர் யாருக்கு யாரைத் தெரியும் என்பது நடைமுறையில் தகுதியாயிற்று. அடுத்து யாருக்கு எத்தனை மதிப்பெண் என்பது. இன்று யாரிடம் நிலம் இருக்கிறது என்பது. தேர்வு முறை நேர்மையாக நடக்கிறதா என்பதை நீதிமன்றங்கள் விடாமல் கண்காணித்தன. அளவுகோல் நேர்மையானதா என்னும் கேள்வி மட்டும் பெரும்பாலும் எழாமலே போயிற்று.

1. பம்பாயில் தொடங்கிய கதை

இந்தியாவில் சமையல் எரிவாயுவின் வரலாறு பம்பாயின் கிழக்குக் கரையில் தொடங்குகிறது. செம்பூரை அடுத்த டிராம்பேயில் 1954இல் ஸ்டான்வாக் நிறுவனத்தின் சுத்திகரிப்பு ஆலையும் 1955இல் பர்மா-ஷெல் நிறுவனத்தின் ஆலையும் இயங்கத் தொடங்கின. கச்சா எண்ணெயைச் சுத்திகரிக்கும்போது கிடைக்கும் புரோப்பேன், பியூட்டேன் வாயுக்களை அழுத்தத்தால் திரவமாக்கி உருளையில் அடைத்து வீடுகளுக்கு விற்கலாம் என்னும் வணிக எண்ணம் இவ்வாலைகளோடு இந்நகருக்கு வந்தது. பர்மா-ஷெல் 1950களின் நடுவில் ‘பர்ஷேன்’ என்னும் பெயரில் பம்பாயில் விற்பனையைத் தொடங்கியது. இந்தியன் ஆயிலின் ‘இண்டேன்’ 1965 அக்டோபரில் கல்கத்தாவில் முதல் இணைப்பை வழங்கியது.

அக்காலத்தில் விநியோகஸ்தர் என்பவர் தனியார் நிறுவனம் ஒன்றின் வணிகக் கூட்டாளி. அவரைத் தேர்ந்தெடுப்பது அந்நிறுவனத்தின் விருப்பம். அதைக் கேள்விக்குள்ளாக்க எவருக்கும் சட்டப்படி உரிமை இல்லை. 1974இல் எஸ்ஸோ, 1976இல் பர்மா-ஷெல், 1979இல் எஸ்ஸோவின் எரிவாயுவை விற்றுவந்த கோசன் கேஸ் எனத் தனியார் நிறுவனங்கள் அடுத்தடுத்து அரசுடைமையாயின. இந்துஸ்தான் பெட்ரோலியம், பாரத் பெட்ரோலியம், இந்தியன் ஆயில் ஆகிய மூன்றின் பதிவு அலுவலகங்களும் இன்றும் மும்பையிலேயே உள்ளன: முறையே சர்ச்கேட், பல்லார்டு எஸ்டேட், பாந்திரா.

அரசுடைமையால் சட்டநிலை தலைகீழாக மாறியது. நிறுவனம் அரசினுடையது என்றால், அது தரும் விநியோக உரிமை அரசு வழங்கும் சலுகை ஆகிறது. அரசு எதைச் செய்தாலும் அரசியல் சாசனத்தின் 14ஆம் பிரிவு கூறும் சமத்துவத்துக்கு அது கட்டுப்படும். வணிகமாக இருந்தது உரிமைப் பிரச்சினையாக மாறியது இப்படித்தான்.

அந்தச் சலுகையின் மதிப்பும் ஏறிக்கொண்டே சென்றது. இணைப்புக்குப் பெயர் பதிந்துவிட்டுப் பல ஆண்டுகள் காத்திருந்த காலம் அது. நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு இணைப்புக் கூப்பன்கள் ஒதுக்கப்பட்டன. கூப்பனுக்காக அவர்கள் வீட்டு வாசலில் மக்கள் நின்றனர். விலையை அரசு நிர்ணயித்தது. உருளைக்கு இத்தனை எனத் தரகையும் அரசு நிர்ணயித்தது. வாடிக்கையாளர் தாமே தேடி வந்து வரிசையில் நின்றார். விற்பனையில் இடர் குறைவாகவும் வருமானம் உறுதியாகவும் அமைந்த இத்தகைய தொழிலை அரசு யாருக்குத் தரும்?

2. விமான நிலையச் சிற்றுண்டிக் கடையும் ஓர் அடைமொழியும்

இக்கேள்விக்கான சட்ட அடித்தளம் எரிவாயு வழக்கு ஒன்றில் இடப்படவில்லை. பம்பாய் விமான நிலையத்தில் ஓர் உணவகமும் இரண்டு சிற்றுண்டிக் கடைகளும் நடத்துவதற்கான ஒப்பந்தப்புள்ளி வழக்கில் இடப்பட்டது. குறைந்தது ஐந்தாண்டு அனுபவம் உடைய, ‘பதிவுபெற்ற இரண்டாம் தர’ உணவகத்தார் மட்டுமே விண்ணப்பிக்கலாம் என்பது அறிவிப்பின் நிபந்தனை. ஆனால் பல்லாண்டுகள் கேன்டீன் நடத்திய அனுபவம் இருந்தும் அந்தத் தரப் பதிவு இல்லாத ஒருவருக்கு ஒப்பந்தம் கிடைத்தது. ‘இரண்டாம் தர’ என்னும் அடைமொழி வெறும் வழிகாட்டுதலே, அனுபவமே முதன்மையானது என விமான நிலைய ஆணையம் வாதிட்டது.

1979 மே 4 அன்று உச்ச நீதிமன்றம் அவ்வாதத்தை ஏற்க மறுத்தது. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி பி.என். பகவதி. நிபந்தனையின் சொற்கள் தெளிவாக இருக்கும்போது அவற்றுக்கு வேறு பொருள் கற்பிக்க இயலாது; அரசு தான் வகுத்த தகுதி நிபந்தனையைத் தானே மீறக்கூடாது. இதற்குக் காரணமாக நின்றவர்கள் நீதிமன்றத்தில் இல்லாத மனிதர்கள். அந்த அடைமொழியைப் படித்து, தமக்குத் தகுதி இல்லையென ஒதுங்கி, விண்ணப்பிக்காமலே இருந்துவிட்டவர்கள் அவர்கள். நிபந்தனை தளர்த்தப்படும் எனத் தெரிந்திருந்தால் அவர்களும் போட்டியிட்டிருப்பார்கள். விதி மீறப்பட்டது எனக் கண்டபோதும், வழக்குத் தொடுத்தவர் காலம் தாழ்த்தி வந்தவர் என்பது முதலிய காரணங்களால் நீதிமன்றம் அவருக்கு நிவாரணம் அளிக்கவில்லை. கொள்கை வென்றது, வழக்காளி தோற்றார்.

பிற்காலத்து எரிவாயு வழக்குகளின் இலக்கணம் இத்தீர்ப்பிலேயே அடங்கியிருக்கிறது. அறிவிப்பின் சொல்லே சட்டம். அச்சொல்லைத் தளர்த்துவது, விண்ணப்பிக்காத ஒருவருக்கு இழைக்கும் அநீதி. இக்கொள்கை நியாயமானதே. ஆனால் இதற்கு மறுபக்கம் ஒன்று உண்டு. சொல்லைத் தளர்த்துவதே அநீதி என்றால், அச்சொல்லே அநீதியாக அமைந்துவிட்டால் என்ன செய்வது?

3. தேவையிலிருந்து தயவுக்கு

1980களில் விநியோகஸ்தர் தேர்வுக்கு எண்ணெய்த் தேர்வு வாரியங்கள் அமைந்தன. பின்னர் அவை டீலர் தேர்வு வாரியங்கள் ஆயின. அக்கால நிபந்தனைகளைப் படிக்கும்போது தெரிவது சமூக நோக்கம். குடும்ப வருமானம் ஒரு வரம்பைத் தாண்டக்கூடாது. நெருங்கிய உறவினரிடம் ஏற்கெனவே இத்தகைய உரிமை இருத்தல் கூடாது. பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள், முன்னாள் படைவீரர்கள், விடுதலைப் போராட்ட வீரர்கள், விளையாட்டு வீரர்கள் ஆகியோருக்குத் தனி ஒதுக்கீடு இருந்தது. வசதி இல்லாதவருக்கு வாழ்வு தருவதே இவ்வுரிமை என்னும் எண்ணம் அந்நிபந்தனைகளில் தெளிவாக இருந்தது. தேவையே தகுதி.

ஆனால் வாரியத்துக்கு வெளியே வேறொரு வாசல் திறந்திருந்தது. அமைச்சரின் விருப்புரிமை ஒதுக்கீடு என்பது அதன் பெயர். விதவை, போரில் இறந்தவரின் குடும்பம், பேரிடரில் சிக்கியவர் ஆகியோருக்கு விரைந்து உதவ ஏற்பட்ட அவ்வழியில் உண்மையான துயரத்தோடு பொய்த் துயரமும் நுழைந்தது. பொதுநல வழக்கு ஒன்றில் 1995 மார்ச் 31 அன்று உச்ச நீதிமன்றம் பெட்ரோல் நிலையம், எரிவாயு, மண்ணெண்ணெய் ஆகிய மூன்றுக்குமான விருப்புரிமை ஒதுக்கீட்டுக்கு நெறிமுறைகளை ஏற்படுத்தி, எவ்வகை இடருக்கு உள்ளானோர்க்கு வழங்கலாம் என வரையறுத்தது.

அடுத்த ஆண்டே பெரும் வழக்கு வந்தது. பெட்ரோலியத் துறை அமைச்சராக இருந்த கேப்டன் சதீஷ் சர்மா வழங்கிய பதினைந்து பெட்ரோல் நிலைய ஒதுக்கீடுகளை ‘காமன் காஸ்’ அமைப்பு எதிர்த்தது. பயன்பெற்றோருள் அரசியல்வாதிகளின் உறவினர்களும் அடங்குவர். 1996 செப்டம்பர் 25 அன்று நீதிபதிகள் குல்தீப் சிங், ஃபைசானுத்தீன் அமர்வு அவை அனைத்தையும் ரத்து செய்தது. நவம்பரில் அமைச்சர் தம் கையிலிருந்து 50 லட்சம் ரூபாய் செலுத்த வேண்டும் எனவும் ஆணையிட்டது. அப்பணம் பற்றிய ஆணையை 1999 ஆகஸ்ட் 3 அன்று மூன்று நீதிபதிகள் அமர்வு விலக்கிக்கொண்டது. எனினும் அரசின் சொத்தை அமைச்சர் தம் சொத்தைப் போல வாரி வழங்க இயலாது என்னும் கருத்து வேரூன்றிவிட்டது.

4. ஒரே கையெழுத்தில் எல்லோரும்

விருப்புரிமை வாசல் அடைபட்டபின் அழுத்தம் முழுவதும் வாரியங்கள்மீது இறங்கியது. 2002இல், வாரியங்கள் பரிந்துரைத்தோர் பட்டியலில் ஆளுங்கட்சியினரின் உறவினர்களும் நெருங்கியவர்களும் நிறைந்திருப்பதாக நாளிதழ்ச் செய்திகள் வெளியாயின. நாடாளுமன்றம் கொந்தளித்தது. அவ்வாண்டு ஆகஸ்டில் வாஜ்பாய் அரசு எடுத்த முடிவு எவரும் எதிர்பாராதது: 2000 ஜனவரி 1 முதல் வாரியப் பரிந்துரையில் வழங்கப்பட்ட எல்லா ஒதுக்கீடுகளும் ரத்து.

செல்வாக்கால் பெற்றவரும் தகுதியால் பெற்றவரும் ஒரே ஆணையில் வெளியேற்றப்பட்டனர். வேலையை விட்டவர்கள், கடன் வாங்கிக் கிடங்கு கட்டியவர்கள், ஒதுக்கீட்டுப் பிரிவில் முறையாகத் தேர்வு பெற்றவர்கள் எனப் பலரும் நீதிமன்றப் படியேறினர். 2002 டிசம்பர் 20 அன்று உச்ச நீதிமன்றம் அந்த மொத்த ரத்தைச் செல்லாததாக்கியது. சமமானவர்களைச் சமமாக நடத்துவதைப் போலவே, சமமற்றவர்களைச் சமமாக நடத்தாமையும் 14ஆம் பிரிவின் கட்டளை என்பது தீர்ப்பின் சாரம். குற்றம் செய்தவரைக் கண்டுபிடிக்கும் உழைப்பைத் தவிர்ப்பதற்காகக் குற்றமற்றவரையும் சேர்த்துத் தண்டிக்க அரசுக்கு அதிகாரம் இல்லை. செய்திகளில் சுட்டப்பட்ட 413 ஒதுக்கீடுகளை மட்டும் ஆராயுமாறு ஓய்வுபெற்ற நீதிபதிகள் இருவர் கொண்ட குழுவிடம் நீதிமன்றம் ஒப்படைத்தது.

இத்தீர்ப்பு ஒரு தனிமனிதனின் தகுதியைக் கூட்டத்தின் களங்கத்திலிருந்து பிரித்துக் காத்தது. எரிவாயு வழக்குகளின் வரலாற்றில் நீதிமன்றம் மிக உயர்ந்து நின்ற தருணம் இதுவே எனலாம்.

5. மதிப்பெண்ணிலிருந்து குலுக்கலுக்கு

அதன்பின் தேர்வு நிறுவனங்களின் கைக்கே திரும்பியது. நேர்காணல் வைத்து மதிப்பெண் இடும் முறை வந்தது. நிலம், பணவசதி ஆகியவற்றுக்குப் பெரும்பங்கு. கல்வி, அனுபவம், வணிகத் திறன், ஆளுமை ஆகியவற்றுக்குச் சிறுபங்கு. வருமான வரம்பு வைத்து வசதியற்றவரைத் தேடிய பழைய அளவுகோல் இங்குத் தலைகீழானதைக் கவனிக்க வேண்டும். வறுமை தகுதியாக இருந்த இடத்தில் வசதி தகுதியாக அமர்ந்தது. அதுவும் சத்தமின்றி, ஒரு மதிப்பெண் அட்டவணையின் வழியே.

‘ஆளுமை’ போன்ற தலைப்புகளில் இடப்படும் ஓரிரு மதிப்பெண்கள் முடிவையே மாற்றின. அவற்றை நீதிமன்றத்தில் மெய்ப்பிக்கவும் இயலவில்லை, பொய்ப்பிக்கவும் இயலவில்லை. இதற்கு மாற்றாக வந்ததே குலுக்கல். 2009 அக்டோபரில் தொடங்கிய ராஜீவ் காந்தி கிராமப்புற எரிவாயு விநியோகத் திட்டம் குலுக்கலைக் கொணர்ந்தது. 2016இல் மூன்று நிறுவனங்களுக்கும் பொதுவான ஒருங்கிணைந்த நெறிமுறை வந்தது. நகர்ப்புறம், நகரும் கிராமமும் கலந்த பகுதி, கிராமப்புறம், எளிதில் அடைய முடியாத பகுதி என நான்கு வகை உரிமைகள் அதில் இடம்பெற்றன. பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 22.5 விழுக்காடும் பிற பிற்படுத்தப்பட்டோருக்கு 27 விழுக்காடும் ஒதுக்கப்பட்டன. ஒவ்வொரு பிரிவிலும் பெண்களுக்கு 33 விழுக்காடு உள்ஒதுக்கீடு உண்டு.

அதே ஆண்டு மே மாதம் உஜ்வலா திட்டமும் தொடங்கியது. 2014இல் ஏறத்தாழ 14 ஆயிரமாக இருந்த விநியோகஸ்தர் எண்ணிக்கை அடுத்த பத்தாண்டுகளில் 25 ஆயிரத்தைத் தாண்டியது. குலுக்கல்கள் பெருகின, வழக்குகளும் பெருகின. சீட்டு எடுப்பதில் பாரபட்சம் காட்ட இயலாது. ஆகவே சண்டை, சீட்டுப் பெட்டிக்குள் யாருடைய பெயர் போகலாம் என்பதை நோக்கி நகர்ந்தது. அச்சண்டையின் பெயர் நிலம்.

6. நிலத்தின் நான்கு சொற்கள்

நகர்ப்புற விநியோகஸ்தர் 8,000 கிலோ எரிவாயுவைச் சேமிக்கும் கிடங்கு அமைக்க வேண்டும். வீட்டு உருளை ஒன்றில் 14.2 கிலோ என்பதால் இது ஏறத்தாழ 560 உருளைகளுக்கான இடம். 2016 நெறிமுறைப்படி இதற்குக் குறைந்தது 25 மீட்டருக்கு 30 மீட்டர் மனை தேவை. கிடங்கைச் சுற்றிப் பாதுகாப்பு இடைவெளி வேண்டும் என்பது வெடிபொருள் பாதுகாப்புத் துறையின் விதி; மனையின் அளவு அதிலிருந்து பிறக்கிறது. வெடிக்கக்கூடிய பொருளை நெருக்கமான குடியிருப்பில் வைக்க இயலாது என்பதில் எவருக்கும் மறுப்பு இருக்காது. சிக்கல் மனையின் அளவில் இல்லை. அம்மனை எப்போது, யாரிடம், எவ்வகையில் இருக்க வேண்டும் என்னும் சொற்களில் இருக்கிறது.

முதற்சொல் ‘கடைசித் தேதி’. விண்ணப்பத்தின் கடைசித் தேதியன்று நிலம் கையில் இருக்க வேண்டும். தகுதியைக் கடைசித் தேதியை வைத்தே கணிக்க வேண்டும் என்பது உச்ச நீதிமன்றம் வேலைவாய்ப்பு வழக்குகளில் நிலைநிறுத்திய பொதுவிதி. பத்திரம் எழுதிய நாள் கடைசித் தேதிக்கு முன், பதிவான நாள் பின் என்றால் என்ன ஆகும்? 1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டத்தின் 47ஆம் பிரிவுப்படி, பதிவான ஆவணம் எழுதப்பட்ட நாளிலிருந்தே செல்லுபடியாகும். ஆனால் அறிவிப்பு, பதிவான பத்திரம் அந்நாளில் இருக்க வேண்டும் என்கிறது. சொத்துச் சட்டத்தின் காலமும் அறிவிப்பின் காலமும் வெவ்வேறாக ஓடுகின்றன. இடையில் சிக்குபவர் பதிவு அலுவலகத்தில் வரிசையில் நின்றவர்.

இரண்டாம் சொல் ‘உரிமை’. சொந்த நிலம், அல்லது குறைந்தது 15 ஆண்டுகளுக்குப் பதிவு செய்த குத்தகை. தமிழ்நாட்டில் பட்டா, மகாராட்டிரத்தில் ‘சாத்-பாரா’ எனப்படும் ஏழு-பன்னிரண்டு பதிவேடு ஆகியவை நிலவுரிமையை அறிய மக்கள் நம்பும் தாள்கள். ஆனால் அவை வருவாய்ப் பதிவுகளே. உரிமையை முடிவாக மெய்ப்பிக்கும் ஆவணங்கள் அல்ல என நீதிமன்றங்கள் பலமுறை கூறியுள்ளன. பாட்டன் பெயரிலேயே நின்றுவிட்ட பதிவு, பாகம் பிரிக்காத பங்கு, வேளாண் நிலம் என்னும் வகைப்பாடு, மேலே செல்லும் உயரழுத்த மின்கம்பி ஆகிய ஒவ்வொன்றும் ஒரு வழக்காக மாறுகிறது.

மூன்றாம் சொல் ‘குடும்பம்’. ஒரே குடும்பத்தில் இரண்டு உரிமைகள் கூடாது என்பதற்காக நெறிமுறை ‘குடும்ப அலகு’ என்பதை வரையறுக்கிறது. மணமானவருக்கு வாழ்க்கைத்துணையும் மணமாகாத மக்களும் மட்டுமே குடும்பம். ஊர் வழக்கில் குடும்பம் என்பது அத்தோடு நிற்பதில்லை. அண்ணன் தம்பியர் சேர்ந்து வாழும் வீட்டில் நிலம் மூத்தவர் பெயரில் இருப்பது இயல்பு; வீட்டார்க்கு அது பொதுச்சொத்து, சட்டத்துக்கு அது மற்றொருவரின் சொத்து. இணைக்க வேண்டிய ஒப்புதல் உறுதிமொழித் தாள் ஒன்று விடுபட்டால் விண்ணப்பம் வீழ்கிறது. பேச்சுமொழியின் குடும்பத்துக்கும் சட்டமொழியின் குடும்பத்துக்கும் உள்ள தொலைவே இவ்வகை வழக்குகளின் ஊற்று.

நான்காம் சொல் ‘இடம்’. அறிவிப்பில் ஓர் ஊரின் பெயர் மட்டுமே இருக்கும். நகராட்சி எல்லையா, வருவாய்க் கிராம எல்லையா, மக்கள் வழங்கும் எல்லையா? கல்யாண், உல்ஹாஸ்நகர், அம்பர்நாத், பத்லாபூர் என ஊர்கள் ஒன்றோடொன்று ஒட்டி வளர்ந்துவிட்ட மத்திய ரயில்பாதைப் பகுதியில், ஓர் ஊர் முடிந்து மற்றோர் ஊர் தொடங்கும் கோட்டை ரயில் நிலையப் பலகை கொண்டு அறியலாம். மண்ணைக் கொண்டு அறிவது கடினம்.

இத்தனை சோதனைகளும் பெரும்பாலும் குலுக்கலுக்குப் பின்னரே நடைபெறுகின்றன என்பது வழக்குகளைப் பெருக்கும் மற்றொரு காரணம். விண்ணப்பத்தில் எழுதியதை நம்பிப் பெயர் பெட்டிக்குள் போகிறது. வென்றவர் பிணைத்தொகையில் பத்து விழுக்காடு கட்டியபின் களச் சரிபார்ப்பு நடக்கிறது. முரண்பாடு கண்டால் தேர்வு ரத்தாகிறது. வென்றபின் தோற்றவர் வழக்குத் தொடுக்கிறார். அவர் நிலைத்துவிட்டால் அடுத்தவர் தொடுக்கிறார். வழக்கு முடியும்வரை அவ்வூரில் கிடங்கு எழுவதில்லை; மக்கள் பக்கத்து ஊர் முகவரிடமே உருளைக்குக் காத்திருக்கின்றனர்.

7. உத்திரமேரூரின் நிழல்

நிலம், குலுக்கல், உறவினர் விலக்கு ஆகிய மூன்றும் ஒன்றாக அமைந்த தேர்வு முறை தமிழ் வரலாற்றுக்குப் புதிதன்று. முதலாம் பராந்தக சோழனின் 12, 14ஆம் ஆட்சியாண்டுகளைச் சேர்ந்த, அதாவது 919, 921 ஆகிய ஆண்டுகளின் உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் குடவோலை முறையை விரிவாகக் கூறுகின்றன. ஓலையில் பெயர் எழுதிக் குடத்திலிட்டு, சிறுவன் ஒருவனைக் கொண்டு எடுக்கச் செய்தனர். ஆனால் யார் பெயரும் குடத்துக்குள் போய்விட இயலாது. கால் வேலிக்கு மேல் வரி செலுத்தும் நிலம் வேண்டும். சொந்த மனையில் கட்டிய வீடு வேண்டும். 921ஆம் ஆண்டு விதிப்படி 35க்கு மேல் 70க்குள் வயது வேண்டும். மறைநூற் பயிற்சி வேண்டும். கணக்குக் காட்டாதவரும் அவருடைய நெருங்கிய உறவினரும் விலக்கப்பட்டனர்.

இதை மக்களாட்சியின் தொட்டில் எனப் போற்றுவது வழக்கம். அது பிராமணர் ஊர்ச்சபையின் தேர்வு என்பதையும், நிலமற்றவரின் பெயர் அக்குடத்தை ஒருபோதும் அடையவில்லை என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும். குலுக்கல் குடத்துக்குள் இருப்பவர்களிடையேதான் சமத்துவத்தை உண்டாக்கும். குடத்துக்கு வெளியே நிற்பவருக்கு அது எதையும் தருவதில்லை. ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்குப் பிறகு, சாதியாலும் மறைநூலாலும் விலக்கும் விதி சட்டத்தால் ஒழிந்துவிட்டது. நிலத்தால் விலக்கும் விதி அப்படியே நிற்கிறது.

8. வெளியே நிற்பவர்

25 மீட்டருக்கு 30 மீட்டர் என்றால் 750 சதுர மீட்டர். ஏறத்தாழ 8,070 சதுர அடி. தாராவியில் நூறு, நூற்றைம்பது சதுர அடி அறையில் தலைமுறைகளாக வாழும் குடும்பங்கள் உண்டு. அவ்வறைக்கும் பட்டா இல்லை. அம்பர்நாத்தின் படைக்கலத் தொழிற்சாலை, தொழிற்பேட்டை ஆகியவற்றை நம்பி வந்து குடியேறிய தொழிலாளர் குடும்பத்துக்கு வாடகை வீடே வாழ்க்கை. இத்தகைய வீடொன்றில் பத்தாம் வகுப்பு முடித்த பெண், பட்டியல் சாதிப் பெண்களுக்கு ஒதுக்கப்பட்ட அறிவிப்பைக் கண்டால் என்ன நடக்கும்? சாதிச் சான்றிதழ் அவரிடம் உண்டு, வயது உண்டு, படிப்பு உண்டு. நிலம் இல்லை.

நிலம் வைத்திருப்பவர் ஒருவர் அப்பெண்ணுக்கு 15 ஆண்டுக் குத்தகை தர முன்வருகிறார். பதிவுச் செலவும் அவருடையது, முதலும் அவருடையது. உரிமம் பெண்ணின் பெயரில், கணக்குப் புத்தகம் நிலக்காரரின் மேசையில். இதன் பெயர் பினாமி. விநியோகஸ்தர் தாமே முழுநேரமும் தொழிலை நடத்த வேண்டும் என ஒப்பந்தம் கூறுகிறது. மீறினால் உரிமை ரத்தாகிறது. அவ்வாறு ரத்தாகும்போது சட்டத்தின் முன் குற்றவாளியாக நிற்பவர், நிலம் இல்லாததால் பெயரை மட்டும் கொடுக்க நேர்ந்தவர். நிலக்காரர் அடுத்த பெயரைத் தேடிப் போகிறார். ஒதுக்கீடு எழுத்தில் அப்பெண்ணுக்குத் தரப்பட்டது. நிலம் என்னும் ஒற்றைச் சொல் அதை வேறொருவரிடம் சேர்த்தது.

நீதிமன்றம் இதில் ஏன் தலையிடுவதில்லை? ஒப்பந்தப்புள்ளியின் சொற்களுக்குப் பொருள் சொல்ல அதை எழுதியவரே தக்கவர் என, நாக்பூர் மெட்ரோ வழக்கில் 2016இல் உச்ச நீதிமன்றம் கூறியது. தீய நோக்கமோ பகுத்தறிவுக்கு ஒவ்வாத தன்மையோ தெரியாதவரை நீதிபதிகள் விலகி நிற்பது இன்றைய சட்டநெறி. அவ்விலகலுக்குக் காரணம் உண்டு. எரிவாயுக் கிடங்கின் அளவை நீதிபதி தீர்மானிப்பது ஏற்றதன்று. ஆயினும் இவ்விலகலால், நிபந்தனையை நிறைவேற்றினாரா என்பது மட்டுமே வழக்காகிறது. நிபந்தனை யாரை வெளியேற்றுகிறது என்பது வழக்காவதில்லை. 1979இல் நீதிமன்றம் நினைவுகூர்ந்த, விண்ணப்பிக்காமலே ஒதுங்கியவர் மீண்டும் கண்ணில் படாதவராகிவிட்டார்.

மாற்றுவழி இல்லாமலில்லை. 2018இல் பெட்ரோல் நிலையங்களுக்கு வந்த அறிவிப்பில் விண்ணப்பதாரர்கள் மூன்று குழுக்களாகப் பிரிக்கப்பட்டனர். நிலம் உள்ளவர் முதற்குழு, நிலம் தர ஒருவர் உறுதியளித்தவர் இரண்டாம் குழு, நிலமே இல்லாதவர் மூன்றாம் குழு. முதலிரு குழுக்களில் எவரும் தேறாதபோதே மூன்றாம் குழுவுக்கு வாய்ப்பு. கடைசி வரிசைதான் என்றாலும், நிலமில்லாதவரையும் விண்ணப்பதாரராக ஏற்கலாம் என்பதை அந்நிறுவனங்களே ஒப்புக்கொண்டதற்கு அது சான்று. ஒதுக்கீட்டுப் பிரிவுகளிலேனும் முதலில் குலுக்கல், வென்றபின் நிலம் தேடக் காலக்கெடு, இயலாதவர்க்குத் தொழிற்பேட்டை மனை என வரிசையை மாற்றினால், பாதுகாப்பு விதி ஒன்றும் தளராது. பத்திரத் தேதிச் சண்டைகளும் பெருமளவு குறையும்.

‘தகுதி’ என்னும் சொல்லுக்கு இன்னொரு பழைய பொருளும் உண்டு. திருக்குறளின் நடுவுநிலைமை அதிகாரத்தில் வரும் ‘தகுதி’ என்னும் சொல்லுக்குப் பரிமேலழகர் நடுவுநிலைமை என்றே உரை காண்கிறார். அதாவது அது பெறுபவரிடம் தேடும் பொருளாக அன்றி, தருபவரிடம் இருக்க வேண்டிய பண்பாக அங்கே நிற்கிறது. விண்ணப்பதாரரின் தகுதியை அரைநூற்றாண்டாக நுணுகி நுணுகி அளந்த அறிவிப்புகளும் தீர்ப்புகளும் அளவுகோலின் தகுதியை இனித்தான் கேட்க வேண்டும்.